பதினோரு பேர் சொன்ன பொய்

இன்று காலை டவுன் பஸ்ஸில் கண்டக்டர் என் தோளுக்கு மேலே குனிந்து முன் சீட்டுக்காரரிடம் சில்லறை வாங்கினார். அவருடைய தோல்பை என் மூக்குக்கு நேரே வந்து நின்றது. பழைய தோலும் வியர்வையும் நாணய வாடையும், எப்போதோ உள்ளே போட்டு மறந்துபோன விபூதிப் பொட்டலமும் கலந்த அந்த வாசனை இருக்கிறதே, அது உன் வாசனை. கண்ணை மூடியிருந்தால், "ஏலே, தள்ளி நில்லு" என்று சொல்லியிருப்பேன். திறந்து பார்த்தால் என் மகன் வயதில் ஒருவன் நிற்கிறான். "எங்க போகணும் சார்?" என்று கேட்கிறான். இந்த ரோட்டில் எத்தனை பள்ளம் விழுந்து எத்தனை தடவை மூடினார்கள் என்று தெரிந்த டிரைவர் நான் என்பது அவனுக்கு எப்படித் தெரியும்? ஊர்ப் பேரைச் சொல்லி டிக்கெட் வாங்கிக்கொண்டேன்.

எனக்கு அடுத்து இருந்த பெண்களுக்கெல்லாம் அவன் மிஷினில் டிக்கெட் எடுத்து நீட்டிக்கொண்டே போனான். காசு வாங்கவில்லை. டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு இப்போது கட்டணம் இல்லையே. அந்த அறிவிப்பு வந்த அன்று நீ ஷேர் ஆட்டோவை ஓரமாக நிறுத்திவிட்டு என்னிடம் வந்து, "கொஞ்சம் முந்தி வந்துருந்தா நான் இன்னும் காக்கிச் சட்டையில இருந்துருப்பேன், டிரைவரே" என்று சொல்லிச் சிரித்தாய். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உன் விஷயத்தில் எனக்கு எப்போதும் கோபம்தான் முதலில் வரும். சிரிப்பெல்லாம் வீட்டுக்குப் போன பிறகு.

நான் எங்கே போய்க்கொண்டிருந்தேன் என்று சொன்னால் உனக்குப் பிடிக்காது. பேச்சியக்கா ஊருக்குப் போனேன். நீ போகக் கூடாது என்று சொன்ன இடத்துக்கு, எதைக் கேட்கக் கூடாது என்று சொன்னாயோ அதைக் கேட்பதற்கே போனேன். திட்ட ஆரம்பிக்காதே, மாப்ள. உயிரோடு இருந்தவரை நீ ஒரு தடவைகூட என்னை முழுதாகப் பேசவிட்டதில்லை. இப்போதாவது கேள்.

எம்.ரெட்டியபட்டி போய்த் திரும்புகிற நம் முதல் நடையை நினைத்துக்கொண்டேன். விடிந்தும் விடியாமல் இருக்கும். ரோட்டின் இரண்டு பக்கமும் வேலிக்கருவையாக நிற்கும். கண்மாய்க்கரை ஊர் நிறுத்தத்தில் பேச்சியக்காவையும் சேர்த்துப் பதினோரு பெண்கள் ஏறுவார்கள். பருத்தி எடுக்கிற மாதங்களில் பருத்திக்காட்டுக்கும், மற்ற மாதங்களில் வேலிக்கருவை வெட்டிக் கரிமூட்டம் போடுகிற இடத்துக்கும் போகிறவர்கள். கையில் தூக்குச்சட்டி, சாக்கில் சுற்றிய அரிவாள். "அரிவா வாய உள்பக்கமா வச்சு உக்காருங்க, ஆளக் கிழிச்சுறாதீக" என்று நீ தினமும் சொல்வாய், தினமும் அவர்கள் சிரிப்பார்கள்.

கையில் பஸ் காசு மட்டும் இருக்காது. கூலி சாயந்தரம்தான் வரும். காண்ட்ராக்டர் சில நாள் அதையும் மறுநாள் என்று தள்ளிவிடுவார். அதனால் நீ ஒரு வழக்கம் வைத்திருந்தாய். காலையில் டிக்கெட் இல்லாமல் ஏற்றிக்கொள்வாய். சாயந்தரம் திரும்பும்போது ஒவ்வொருவரும் இரண்டு டிக்கெட்டுக்கான காசைக் கொடுப்பார்கள், நீ காலைக்கு ஒன்று, சாயந்தரத்துக்கு ஒன்று என்று இரண்டு கிழித்துக் கொடுப்பாய். போக்குவரத்துக் கழகத்துக்கு ஒரு காசு நட்டமில்லை. என் தலைக்கு மேல் இருக்கிற கண்ணாடியில் இதை எத்தனையோ சாயந்தரம் நான் பார்த்திருக்கிறேன்.

ஆனால் சட்டம் அப்படி இல்லை. ஏறின ஆளுக்கு உடனே டிக்கெட் கொடுத்துவிட வேண்டும். அடுத்த ஸ்டேஜ் வருவதற்குள் கணக்கை முடித்துவிட வேண்டும்.

"ஏலே, செக்கிங் ஏறுனா என்னலே செய்வ?" என்று நான் கேட்பேன்.

"ஏறட்டும். உள்ளதச் சொல்லுவேன்."

"ஒன் கைக்காசப் போட்டுக் கிழிச்சுக் குடுத்துத் தொலைய வேண்டியதான? சாயந்தரம் அவுக குடுத்ததும் எடுத்துக்க."

"அதையும் செஞ்சு பாத்தேன், டிரைவரே. பேச்சியக்கா டிக்கெட்ட வாங்க மாட்டேன்னுட்டாக. சாயந்தரம் தாரேன்னு நாங்க சொல்லி ஏறுனா அது பஸ்ஸுக்கு நாங்க பட்ட கடன், நீ எடுத்துப் போட்டா அது வேற, அது எங்களுக்கு வேணாம் தம்பின்னு சொல்லிட்டாக. கடன்னா ஏறுவாக. தருமம்னா எறங்கி நடந்துருவாக."

சரி, உன் பாடு என்று நான் விட்டுவிட்டேன். இல்லை, விடவில்லை. தினமும் திட்டிக்கொண்டேதான் வண்டியை ஓட்டினேன்.

அன்று கண்மாய் வளைவில் செக்கிங் ஜீப் நிற்பதைப் பார்த்ததும் தேவையில்லாமல் ஒரு ஹாரன் அடித்தேன். நீ பின்பக்கம் யாரோ ஒரு கிழவரோடு அவர் பேரன் கல்யாணத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாய். உனக்குக் கேட்கவில்லை. செக்கிங்காரர்கள் இரண்டு பேர், ஒருவர் முன்னால், ஒருவர் பின்னால் ஏறினார்கள். முன்னால் ஏறியவர் நேரே பேச்சியக்காவிடம் போய் டிக்கெட் கேட்டார். நீ ஓடி வந்து, "சார், அவுககிட்ட நான் இன்னும்..." என்று ஆரம்பித்தாய்.

"நீ பேசாதப்பா. நான் பயணிககிட்டக் கேக்கிறேன்."

பேச்சியக்கா அவரைப் பார்த்தார், உன்னைப் பார்த்தார். அவர் மனதில் ஓடியதை என்னால் சொல்ல முடியும். காசு கொடுக்காமல் ஏறினோம் என்று சொன்னால் இந்தத் தம்பிக்கு வேலை போய்விடும். அவ்வளவுதான் அவருக்குத் தெரியும். கண்ணைக்கூட இமைக்காமல் சொன்னார்:

"துட்டு குடுத்துட்டோம் சார். டிக்கெட்டு இந்தா தாரேன்னாக. அதுக்குள்ள நீங்க ஏறிட்டீக."

"எல்லாரும் குடுத்துட்டீங்களா?"

"நானும் குடுத்துட்டேன்" என்றார் அடுத்தவர். "ஏறுன ஒடனே குடுத்துட்டேன்." அதற்கடுத்தவர், "நான் சில்லறையாவே குடுத்தேன்." இப்படி வரிசையாகப் பதினோரு பேரும். கடைசியில் ஜன்னலோரம் இருந்த பெண், எல்லாரையும்விடத் தான் நன்றாகச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தாளோ என்னவோ, "எனக்கு மிச்சம்கூடத் தரணும் சார். அப்பறம் தாரேன்னுருக்காக" என்றாள். அந்த மிச்சம்தான் உன்னைப் புதைத்தது, மாப்ள.

காசு வாங்காமல் ஏற்றினால் அது கவனக்குறைவு. இன்கிரிமெண்ட் போகும், கொஞ்ச நாள் சஸ்பென்ஷனில் இருக்க வேண்டிவரும். காசை வாங்கிக்கொண்டு டிக்கெட் கொடுக்கவில்லை என்றால் அதற்குப் பேர் கையாடல். தொகை சின்னதா பெரியதா என்று யாரும் கேட்க மாட்டார்கள், வேலையே போய்விடும். டெப்போவில் தண்ணீர் தெளிக்கிறவருக்குக்கூடத் தெரிந்த விஷயம் இது. அந்தப் பதினோரு பேருக்கும் தெரியாது. உன்னைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு உன்னைக் குழியில் தள்ளிக்கொண்டிருந்தார்கள்.

கண்ணாடியில் உன் முகத்தைப் பார்த்தேன். வாயைத் திறந்தாய், மூடினாய். இல்லை என்று நீ சொன்னால் அவர்கள் டிக்கெட் இல்லாமல் வந்தவர்கள் ஆகிவிடுவார்கள், ஒவ்வொரு தலைக்கும் அபராதம் விழும், அன்றைய கூலியோடு மறுநாள் கூலியும் அதற்கே போய்விடும். அதனால் பேசாமல் நின்றாய். நான் இன்ஜினை அணைத்துவிட்டு இறங்கிச் சுற்றி வந்தேன். "சார், அவுக துட்டு குடுக்கல. சாயந்தரம்தான் குடுப்பாக. பைய எண்ணிப் பாருங்க, தெரிஞ்சுரும்" என்று கத்தினேன்.

எண்ணினார்கள். கிழித்த டிக்கெட்டுக்கும் பையில் இருந்த காசுக்கும் சரியாக இருந்தது. எனக்கு மூச்சு வந்தது. அந்த அதிகாரி நிதானமாகக் கேட்டார்: "இது சரியா இருக்கு. அப்ப இவங்க குடுத்த பணத்தை எங்கப்பா வச்ச?" உன் சட்டைப்பையைப் பார்த்தார்கள். சாப்பாட்டுப் பாத்திரத்தைத் திறந்து பார்த்தார்கள். புளிச்சாதத்துக்கு நடுவில்கூட ஒன்றும் கிடைக்கவில்லை. கூடுதலாக இருந்திருந்தால் கையாடல், சரியாக இருந்ததால் ஒளித்துவைத்த கையாடல். பேச்சியக்கா தான் கற்றுக்கொண்ட ஒரே கையெழுத்தை, ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துப் பார்த்து, அவர்கள் எழுதி நீட்டிய வாக்குமூலத்தில் போட்டுக் கொடுத்தார்.

நான் மறக்காதது அதற்கப்புறம் வந்த சாயந்தரத்தைத்தான். அன்று டியூட்டி முடிகிறவரை உன்னை இறக்கவில்லை. திரும்பும் நடையில் அவர்கள் ஏறினார்கள். முகமெல்லாம் கரி, அதற்குள் பல் மட்டும் தெரிகிறது. அவ்வளவு சந்தோஷம்.

"என்ன தம்பி, காலையில பேசுனது எப்புடி?" என்றார் பேச்சியக்கா.

"நல்லாப் பேசுனீக அக்கா" என்றாய்.

இரண்டு டிக்கெட்டுக்கான காசைக் கொடுத்தார்கள். நீயும் எதுவும் நடக்காதது மாதிரி இரண்டிரண்டாகக் கிழித்துக் கொடுத்தாய். வண்டியை டெப்போவில் விட்ட பிறகு நான் உன் சட்டையைப் பிடிக்காத குறைதான். ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "சொன்னா இன்னைக்கு ஒரு வீட்டுலயும் சோறு எறங்காது, டிரைவரே. அவுககிட்ட நீயும் சொல்லாத" என்றாய்.

நான் சொன்னேன். சஸ்பென்ஷன் ஆர்டர் வந்த மறுநாளே கண்மாய்க்கரை ஊருக்குப் போய்ப் பேச்சியக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். இன்றுவரை அதற்காக நான் வருத்தப்பட்டதில்லை.  விசாரணை அன்று காலையில் பதினோரு பேரும் கூலியை விட்டுவிட்டு, தலையை வாரிப் பூ வைத்துக்கொண்டு டெப்போ வாசலில் வந்து நின்றார்கள். உன் முகத்தைப் பார்க்க வேண்டுமே. என்னை எரிப்பது மாதிரி பார்த்தாய்.

விசாரித்த அதிகாரியைக் கெட்டவர் என்று நான் சொல்ல மாட்டேன். உண்மையாகவே துட்டு அடிக்கிற கண்டக்டர்களை நீயும் நானும் பார்க்காததா? மாட்டிக்கொண்டதும் ஊரிலிருந்து ஆள் கூட்டி வந்து, "நான் குடுக்கவே இல்ல சார்" என்று சொல்லவைப்பார்கள். அந்த மனுஷன் அந்த மாதிரி எத்தனை பேரைப் பார்த்திருப்பார்.

"அன்னைக்குச் சொன்னது பொய்யா, இன்னைக்குச் சொல்றது பொய்யாம்மா?"

"அன்னைக்குச் சொன்னதுதான் சார் பொய்யி" என்றார் பேச்சியக்கா.

"அப்ப நீங்க பொய் சொல்றவங்க. இன்னைக்கு மட்டும் உண்மைன்னு நான் எப்படி எழுதுறது? சரி, இன்னைக்குக் கூலி போச்சே. அதை யாரு குடுத்தா?"

அறையில் இருந்த யாரோ சிரித்தார்கள். பேச்சியக்கா கரி ஏறின நகங்களை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டு அப்படியே நின்றார். வெளியே வந்தபோது பஸ்ஸுக்குக்கூட நிற்காமல், பாளையம்பட்டி ரோட்டில் வேகவேகமாக நடந்து போனார். அது அவர் ஊருக்குப் போகிற திசையே இல்லை. வேறு ஒருவர் ஓடிப் போய்க் கூட்டி வந்தார்.

அப்போதுதான் நீ சொன்னாய். சத்தம் போட்டுச் சொல்லவில்லை. "இனிமே அவுகள எந்த எடத்துலயும் கொண்டாந்து நிறுத்தக் கூடாது. இது என் பேச்சு. இதையும் மீறுனீன்னா ஒன் மொகத்துல முழிக்க மாட்டேன்."

டிஸ்மிஸ் ஆர்டரில் எழுதியிருந்த தொகைக்கு ஒரு நல்ல வேட்டி வாங்க முடியாது. கையாடல் என்ற அந்த ஒரு வார்த்தை மட்டும் தாளில் கொட்டை எழுத்தில் இருந்தது. நீ அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "டீ சாப்புடுவமா?" என்று கேட்டாய். நம் பாளையம்பட்டி டீக்கடையில் கொஞ்ச நாளிலேயே உனக்குப் பட்டம் வைத்துவிட்டார்கள், துட்டடிச்ச கண்டக்டர் என்று. நான் ஒருத்தன் சட்டையைக் கிழித்தேன். அதற்கும் நீதான் புதுச் சட்டை எடுத்துக் கொடுத்தாய். எனக்கு இல்லை, அவனுக்கு.

அதற்கப்புறம் ஷேர் ஆட்டோ. அதே ரோடு, அதே நிறுத்தம். அந்தப் பெண்கள் ஏறுவார்கள், ஏறும்போதே காசை உன் கையில் வைத்துவிட்டுத்தான் உட்காருவார்கள். முந்தின நாளே யாரிடமாவது கைமாற்று வாங்கி வைத்திருப்பார்களாம். "சாயந்தரம் குடுங்களேன்" என்று நீ எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை. பேச்சியக்கா மட்டும் உன் ஆட்டோவில் ஏறவே இல்லை. நீ நிறுத்தினால், "போங்க தம்பி, நான் பஸ்ஸுல வாரேன்" என்று முகத்தைத் திருப்பிக்கொள்வார். "டெப்போவுல வச்சுக் கேட்டது அவுக மனசுல இன்னும் இருக்கு, டிரைவரே. என்னையப் பாத்தா அதுதான ஞாபகம் வரும்" என்றாய். எனக்கும் அப்படித்தான் தோன்றியது.

டிஸ்மிஸை எதிர்த்து நீ மதுரையில் போட்ட கேஸ் வாய்தா வாய்தாவாகப் போய்க்கொண்டிருந்தது. வக்கீல் உன்னிடம் பச்சையாகவே சொன்னார், அந்தம்மா கோர்ட்டுக்கு வந்து ஒரு தடவை சொன்னால் போதும், கேஸ் நம் பக்கம் நிற்கும் என்று. நீ முடியாது என்றாய். கோர்ட்டில் எதிர் வக்கீல் என்ன கேட்பார் என்று உனக்குத் தெரியும். அதே கேள்வியை, இன்னும் பெரிய ஆட்கள் முன்னால், இன்னும் நன்றாகக் கேட்பார். நானும் நீயும் அந்தச் சண்டையில் ஒரு தீபாவளி முழுக்கப் பேசவில்லை. என் வீட்டு அதிரசம் உன் வீட்டுக்கு வந்தது, உன் வீட்டு முறுக்கு என் வீட்டுக்கு வந்தது, நாம் இருவர் மட்டும் பேசவில்லை.

பிறகு சர்க்கரை, கால் புண், ஆஸ்பத்திரி. அதையெல்லாம் உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. உன்னைத் தூக்கிய அன்று கண்மாய்க்கரைப் பெண்கள் எல்லாரும் வந்தார்கள். பேச்சியக்காவும் வந்தார். தெருக் குழாய் பக்கத்தில் தனியாக நின்றுகொண்டிருந்தார். உன் முகத்தைப் பார்க்க வரச் சொல்லிக் கூப்பிடுவதற்குள் ஆளைக் காணோம்.

போன வாரம் உன் வீட்டுக்காரி என்னைக் கூப்பிட்டனுப்பியது. தங்கச்சி இப்போது ரொம்ப இளைத்துவிட்டது, பேச்சு மட்டும் இளைக்கவில்லை. நீ இல்லாவிட்டாலும் கேஸை அது நடத்தலாமாம், வக்கீல் சொல்லியிருக்கிறார். ஜெயித்தால் உனக்கு வர வேண்டியதெல்லாம் வரும், குடும்பப் பென்ஷனும் வரலாம்.

"துட்டும் வேணும்ண்ணே, பேரும் வேணும்" என்றது. "ரெண்டுல எதுன்னு என்னையக் கேக்காதீக. ஒங்க மாப்ளதான் ரெண்டுமே வேணாம்னு போயிட்டாரு. மகளுக்குப் பேசி வாரவுக, அப்பா ஏன் வேலையில இருந்து நின்னாருன்னு கேக்குறாக. நான் என்னன்னு சொல்றது? நீங்க போயிப் பேச்சியக்காவக் கூட்டிட்டு வாங்க."

நீ போட்ட உத்தரவைச் சொன்னேன். தங்கச்சி என்னை ஏற இறங்கப் பார்த்தது. "அவரு பேச்ச நான் கல்யாணம் முடிச்ச நாள்ல இருந்து கேட்டாச்சு. இனிமே என் பேச்ச அவரு கேக்கட்டும்" என்றது. இதற்கு நீ பதில் சொல்வாயா? மாட்டாய்.  அதனால்தான் இன்று அந்தப் பஸ்ஸில் உட்கார்ந்திருந்தேன், மாப்ள. வழியெல்லாம் உன்னோடு சண்டை போட்டுக்கொண்டேதான் போனேன்.

பேச்சியக்கா இப்போது கரிமூட்டத்துக்குப் போவதில்லை. முழங்கால் பிடித்துவிட்டது. வீட்டு வாசலில் மிளகாய் வத்தல் குவியலுக்கு முன்னால் உட்கார்ந்து காம்பு கிள்ளிக்கொண்டிருந்தார். மூடைக்கு இவ்வளவு என்று கூலியாம். நெடி தாங்காமல் நான் தும்மித் தும்மித்தான் வந்த காரியத்தைச் சொல்லி முடித்தேன். அவர் கை நிற்கவில்லை. காம்பைக் கிள்ளிக்கொண்டே கேட்டார்:

"அவுக சொல்லித்தான் வந்தீகளா தம்பி?"

"இல்லக்கா. ஒங்களக் கூப்புடவே கூடாதுன்னுதான் சொல்லிட்டுப் போனான்."

"அப்படியா" என்றார். கை நின்றுவிட்டது. "அப்ப கடைசி வரைக்கும் எம்மேல கோவந்தான்."

எனக்கு விளங்கவில்லை. கோபமா என்று கேட்டேன்.

"பெறகு என்ன தம்பி? மதுரையில கேசு நடக்குதுன்னு ஊரே பேசுச்சு. என்னையக் கூப்புடுவாக, கூப்புடுவாகன்னு பாத்துக்கிட்டே இருந்தேன். நல்ல சேலை ஒண்ண அதுக்குன்னு எடுத்துத் தனியா வச்சுருந்தேன். ஒருத்தரும் வரல. இவளால கெட்டோம், இவ மொகத்துல இனிமே முழிக்கப்படாதுன்னு இருக்காகன்னு நெனச்சேன். ஆட்டோவ நிப்பாட்டுனப்பகூட, மத்தவுகளுக்காகக் கூப்புடுறாகன்னுதான் நான் ஏறல."

"டெப்போவுல ஒங்களப் பொய்க்காரின்னு கேட்டாகளேக்கா. மறுபடி ஒருத்தன் அப்படிக் கேட்டுறக் கூடாதுன்னுதான் அவன் கூப்புடல."

"கேட்டா கேக்கட்டுமே" என்றார். "சொன்னவதான நான்? ஆமா சார், பொய் சொன்னேன், இன்ன காரணத்துக்காகச் சொன்னேன்னு சொல்லிட்டுப் போறேன். இதுல எனக்கு என்ன கொறஞ்சுபோகுது?"

மாப்ள, நீ பக்கத்தில் இருந்திருந்தால் அந்த இடத்திலேயே உன்னை நாலு கேள்வி கேட்டிருப்பேன். அந்தப் பெண்கள் உன்னைக் கேட்காமலே உன்னைக் காப்பாற்றக் கிளம்பினார்கள். நீயும் அவரை ஒரு வார்த்தை கேட்காமலே அவரைக் காப்பாற்றினாய். இத்தனை வருடமும் அவர் உன் கோபத்துக்குப் பயந்து முகத்தைத் திருப்பிக்கொண்டு போயிருக்கிறார். நீ அவர் வெட்கத்துக்குப் பயந்து ஆட்டோவை ஓட்டிக்கொண்டு போயிருக்கிறாய். இடையில் நான் ஒரு மடையன், இரண்டு பேருக்கும் தெரிந்தவன், ஒரு தடவை வந்து கேட்டிருந்தால் முடிந்திருக்கும். உன் பேச்சுக்குக் கட்டுப்பட்டு உட்கார்ந்திருந்தேன்.

அப்போதுதான் ஆஸ்பத்திரியில் நீ சொன்னதை அவரிடம் சொன்னேன். உன் காலை எடுக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போன மத்தியானம் அது. எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "அந்தப் பொம்பளைக மேல ஒனக்குக் கோவமே வரலையாலே?" என்று கேட்டேன். நீ தலையணையைச் சரிபண்ணச் சொன்னாய். சரிபண்ணியதும் சொன்னாய்:

"கோவமா? நீ வாழ்நாள் பூரா ஸ்டியரிங்கு பிடிச்ச. விபத்தே இல்லைன்னு சர்டிபிகேட்டு வாங்கிச் செவத்துல மாட்டி வச்சுருக்க. ஒனக்காக ஒருத்தராச்சும் பொய் சொல்லிருக்காகளா, டிரைவரே? எனக்குப் பதினோரு பேரு சொன்னாக. யாரும் சொல்லிக் குடுக்கல. முன்னாடி பேசி வைக்கல. இவனுக்கு ஒண்ணு ஆகிறக் கூடாதுன்னு ஒரே மூச்சுல சொன்னாக. நீ போயிக் காலம் பூரா வண்டி ஓட்டு, ஒனக்குக் கெடைக்காது."

அதைச் சொன்னபோது உன் முகத்தில் இருந்தது சமாதானம் இல்லை. பெருமை. பக்கத்துக் கட்டில்காரரிடம்கூட அதைச் சொல்லிப் பீற்றிக்கொண்டாய். இதையும் பேச்சியக்காவிடம் சொன்னேன்.

அவர் அழுதார். கையெல்லாம் வத்தல் காரம், கண்ணைத் துடைக்க முடியாது. இரண்டு கையையும் எட்ட நீட்டி வைத்துக்கொண்டு அப்படியே அழுதார். நான் குடத்திலிருந்து தண்ணீர் மொண்டு ஊற்றினேன். கையைக் கழுவிக்கொண்டு, முகத்தையும் கழுவிக்கொண்டு, முந்தானையில் துடைத்தார். பிறகு, கூலி பேசுகிறவர் மாதிரி, கேட்டார்:

"என்னைக்கு வரணும்?"

வாய்தா தேதியைச் சொன்னேன். தங்கச்சியும் நானும் வந்து கூட்டிப்போகிறோம் என்றேன்.

"எல்லாரையும் கூட்டிட்டு வாரேன்."

"ஒருத்தர் போதுமாம் அக்கா. வக்கீல் சொன்னாரு."

"அவருக்கு என்ன தெரியும்? சொன்னப்ப எல்லாரும்தான சொன்னோம். ரெண்டு பேரு செத்துப்போயிட்டாளுக. மிச்சம் ஒம்பது பேரு வாரோம்."

கோர்ட்டில் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாது, மாப்ள. நம்புவார்களோ, மறுபடியும் அதே கேள்வியைக் கேட்டு அனுப்பிவிடுவார்களோ. அந்த ஒம்பது பேரும் நெஞ்சை நிமிர்த்தி, நாங்கள் பொய் சொன்னோம் என்று சொல்லத்தான் போகிறார்கள். நீ இருந்து தடுக்க முடியாது. திரும்பும் பஸ்ஸில் உட்கார்ந்து இத்தனை வருடமாக உன்மேல் வைத்திருந்த கோபத்தை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தேன். நான் கிழித்த சட்டைக்காக அவனுக்கே புதுச் சட்டை எடுத்துக் கொடுத்த கோபம், அந்தத் தீபாவளிக் கோபம், சொல்லாமல் இரண்டிரண்டாக டிக்கெட் கிழித்த சாயந்தரத்துக் கோபம். எல்லாம் பாளையம்பட்டி வருவதற்குள் தீர்ந்துவிட்டன. உன்மேல் இருக்கிற பொறாமை மட்டும் தீரவில்லை. அதை வைத்துக்கொண்டுதான் இனி நான் காலத்தை ஓட்ட வேண்டும்.